ஒதுங்குமிடம்

பெட்டிஹில்லுக்குப் போகும் சாலையில்
ஒரு வண்டிக்குத்தான் இடம்.
எதிரே தபால் வேன் வந்தால்
யாருக்கு ஒதுங்குமிடம் அருகிலோ
அவர் பின்னால் போகவேண்டும்.
பிறகு ஸ்டியரிங்கிலிருந்து ஒரு விரல் உயரும்.
ஒரே விரல்.
அதற்கு மேல் நன்றி சொன்னால்
ஊதாரி என்று நினைப்பார்கள்.

நான் காது சோதிப்பவன்.
இன்வர்னெஸ் ஆஸ்பத்திரியின் கருவிப்பெட்டியோடு
மாதத்தில் இரண்டு செவ்வாய் வடக்கே வருவேன்.
இந்த நிலத்துக்குத் திணை தேடி
முதல் வருசமே தோற்றேன்.
மலை உண்டு, குறிஞ்சி இல்லை.
கடல் உண்டு, இரங்கலும் உண்டு,
இரங்குவதாக ஒருவரும் ஒப்புக்கொள்வதில்லை.
மற்றதெல்லாம் பீட் என்னும் கறுத்த ஈரம்:
செத்த பாசி ஆயிரமாயிரம் வருசம்
மக்காமல் தன்னையே சேமித்துவைத்த மண்.
எதையும் வெளியே சொல்லாது.
காயவைத்தால் எரியும்.

டொனால்டினா மக்கேய், ஐம்பத்தாறு வயது.
தகப்பன் டொனால்ட், ஆண்பிள்ளை எதிர்பார்த்தவன்;
பெயரை வீணாக்க மனமில்லாமல்
வாலை மட்டும் ஒட்டவைத்தான்.
வலது காது எப்படி என்றேன்.
"மோசமில்லை."
இடது?
"அதைவிட மோசமில்லை."
மாரடைப்புக்கும் இங்கே அந்தச் சொல்தான்,
மகள் கல்யாணத்துக்கும்.

கிளினிக் ஜன்னலுக்கு வெளியே
நேவர் ஆற்றின் பள்ளத்தாக்கு.
இருநூறு வருசத்துக்கு முன்னால்
ஆள் தரும் குத்தகையைவிட
ஆடு தரும் குத்தகை அதிகம் என்று கண்டு
கூரைக்கட்டைகளில் தீவைத்து
இவள் ஆட்களைக் கடலோரப் பாறைக்குத் தள்ளினார்கள்.
அடுப்பு இருந்த இடங்களில் மட்டும்
இன்னமும் காஞ்சொறி செழிக்கிறது.
தள்ளிய பிரபுவின் சிலை
தெற்கே ஒரு குன்றின்மேல் நிற்கிறது.
இடித்துவிடலாமே என்றேன்.
"நிற்கட்டும். மழைக்கும் ஒரு வேலை வேண்டாமா?"

டொனால்டினாவிடம் இருநூற்று நாற்பது ஆடுகள்.
ஆட்டின்மேல் கோபமில்லையா?
"நோட்டீஸை ஆடா எழுதியது?"

ஹெட்போனை மாட்டும்போது அவள் கேட்டாள்:
"இந்தியாவா?"
இலங்கை. மலையகம்.
பிறந்த தோட்டத்தின் பெயர் கிளென்நேவர்.
எங்கள் ஆட்கள் வாயில் அது 'கிளாநவரு'.
கொழுந்துச் சாக்கில் அச்சடித்த பெயருக்குப் பின்னால்
நிஜமாகவே ஓர் ஆறு ஓடுகிறதென்று
இங்கே வந்தபிறகுதான் தெரியும்.

"முதல் துரை யார்?"

கல்லறையில் மக்கேய் என்று இருக்கிறது.

இந்த ஊரில் பாதிப்பேர் மக்கேய்.
அது ஒன்றையும் நிரூபிக்காது.
காட்டை எரித்துத் தேயிலை நட்டவர்,
பத்தடிக்குப் பன்னிரண்டடி லயக்காம்பராவில்
எட்டுப் பேரை அடுக்கியவர்.
கூரை எரிந்தவனின் பேரன்
கடல் தாண்டிப் போய்
அடுத்தவனுக்குக் கூரை அளந்திருக்கிறான்.
இதை நான் வாய்விட்டுச் சொல்லவில்லை.
ஆடு வளர்ப்பவள், கணக்குத் தெரியும்.

கதவைச் சாத்தினேன்.
சத்தம் கேட்டால் பொத்தானை அழுத்துங்கள்.
ஐந்நூறு ஹெர்ட்ஸ். அழுத்தினாள்.
ஆயிரம். அழுத்தினாள்.
பிறகு விதிப்படி நான்
எதையும் அனுப்பாமல் காத்திருந்த இடைவெளியில்
அழுத்தினாள்.
இன்னொரு முறை.
கண் ஜன்னல் பக்கம் இருந்தது.

'பொய்ப் பதில்' என்று படிவத்தில் ஒரு குறி உண்டு.
போடவில்லை.
கட்டத்தை வெறுமனே விட்டேன்,
முதல் முறையாக.

போகும்போது உறைபெட்டியிலிருந்து எடுத்துவந்திருந்த
ஆட்டுத்தொடை ஒன்றைச் செய்தித்தாளில் சுற்றி
முன்னிருக்கையில் வைத்தாள்.
வாயைத் திறந்தேன்.
"இருட்டுது. கிளம்பு."

ஐந்தாவது மைலில்
ஓர் ஆடு நடுச்சாலையில் நின்றது,
நகரும் உத்தேசமே இல்லாமல்.
ஒதுங்குமிடம் எனக்குத்தான் அருகில்.
பின்னால் போனேன்.